பூங்காவில் கிடைத்த ஆசிரியர்

பம்பாய் சர்னி ரோடு பூங்காவில், பள்ளி விட்டதும் ஒரு மாணவர் புத்தகத்துடன் வந்து உட்காருவார். அங்கே வந்துபோன வேறொரு பள்ளியின் ஆசிரியர் அவரைக் கவனித்தார். அருகில் சென்று விசாரித்தார். மாணவர், பீமராவ் அம்பேத்கர். ஆசிரியர், கிருஷ்ணாஜி அர்ஜுன் கேலுஸ்கர்.

1907-இல் அம்பேத்கர் மெட்ரிகுலேஷன் தேறினார். மகர் சமூகத்தில் அன்று அது அரிய வெற்றி. பாராட்டுக் கூட்டத்தில் கேலுஸ்கர், தாம் மராத்தியில் எழுதிய புத்தர் வரலாற்றை அவருக்குப் பரிசளித்தார். பிறகு கல்லூரிப் படிப்பைத் தொடரப் பணமில்லாமல் போனபோது, பரோடா மன்னர் சாயாஜிராவிடம் அழைத்துச் சென்றார். மாதம் 25 ரூபாய் உதவித்தொகை கிடைத்தது. அதே மன்னரின் உதவியோடுதான் 1913-இல் அமெரிக்காவின் கொலம்பியா பல்கலைக்கழகத்துக்குச் சென்றார். 1956-இல் நாக்பூரில் பவுத்தம் தழுவியவரின் கைக்குப் புத்தரை முதலில் கொண்டுவந்து தந்ததும் அந்தப் பரிசு நூல்தான்.

இதை அதிர்ஷ்டம் என்று சொல்லலாம். ஆனால் அந்தச் சந்திப்புக்கு முன்பே, மகன் கேட்ட புத்தகத்துக்காக மகளின் நகையை அடகு வைத்த தந்தை ராம்ஜி இருந்தார். பள்ளியில் தனிச் சாக்கில் உட்கார்ந்தும், பியூன் வராத நாளில் தண்ணீர் இல்லாமல் தவித்தும் படிப்பை விடாத பையன் இருந்தான். அந்த உழைப்பைக் கண்டுகொள்ள ஒரு மனிதர் வந்ததுதான் அதிர்ஷ்டம்.

கேலுஸ்கரைப் போன்ற ஒருவரைச் சந்திக்காமலே படிப்பை நிறுத்திய பிள்ளைகள் எத்தனை பேர்? நாம் கேட்க வேண்டிய கேள்வி இதுதான். அம்பேத்கர் இதை மறக்கவில்லை. வைஸ்ராய் நிர்வாக சபையில் அவர் உறுப்பினராக இருந்த காலத்தில், 1944-இல், பட்டியல் சாதி மாணவர்களுக்கான மெட்ரிக் பிந்தைய உதவித்தொகை தொடங்கியது. ஒரு மன்னரின் மனமிரங்கி வந்த உதவி, அரசு தர வேண்டிய உரிமையாக மாறியது.

அந்த உதவித்தொகை இன்றும் இருக்கிறது. சாதிச் சான்றிதழ், வருமானச் சான்றிதழ், வங்கிக் கணக்கு ஆகியவற்றை மாணவர்கள் முன்கூட்டியே தயாராக வைத்திருக்க வேண்டும். விண்ணப்பிக்கத் தெரியாமல் நிற்கும் பிள்ளையை நம் தெருவில் பார்த்தால், யார் வீட்டுப் பிள்ளை என்று பாராமல் அருகில் போய் விசாரிப்போம். கேலுஸ்கர் முதலில் செய்ததும் அவ்வளவுதான்.