கல்லீரலில் வாய்க்கால் பெருத்தால்...

வயிற்று ஸ்கேன் எடுத்துக்கொண்டவர் யாராவது உங்கள் வீட்டில் இருந்தால் அந்த ரிப்போர்ட்டைக் கொஞ்சம் எடுத்துப் பாருங்கள். கல்லீரலைப் பற்றிய வரிகளுக்கு நடுவே "ஐ.ஹெச்.பி.ஆர்." என்ற நான்கு எழுத்துக்கள் அநேகமாகத் தென்படும். பக்கத்தில் "விரிவு இல்லை" என்று எழுதியிருந்தால் கவலையை விட்டு அடுத்த வரிக்குப் போகலாம். "விரிந்திருக்கிறது" என்று இருந்தாலோ, வீட்டில் இரண்டில் ஒன்று நடக்கும். அன்று ராத்திரி ஒருவரும் சரியாகச் சாப்பிட மாட்டார்கள். அல்லது, "வலி ஒன்றும் இல்லையே, அப்புறம் பார்க்கலாம்" என்று ரிப்போர்ட் பீரோவுக்குள் போய்விடும். இந்த இரண்டாவதுதான் அபாயம்.

கல்லீரலுக்கு உள்ளே ஓடும் பித்தநீர்க் குழாய்களைத்தான் அந்த எழுத்துக்கள் குறிக்கின்றன. கல்லீரல் தினமும் அரை லிட்டருக்கு மேல், ஒரு லிட்டர் வரைகூட, பித்தநீர் சுரக்கிறது. அது மயிரிழை போன்ற குழாய்களில் ஊறி, ஒன்றோடொன்று சேர்ந்து, வலது இடது என்று இரண்டு வாய்க்கால்களாகிக் கல்லீரலின் வாசலில் ஒன்றாகக் கலக்கிறது. அங்கிருந்து இறங்கி, பித்தப்பையின் குழாயையும் சேர்த்துக்கொண்டு, கணையத்தின் தலைப்பக்கமாகச் சென்று, சிறுகுடலில் விழுகிறது. விழும் இடத்தில் திறந்து மூடும் மதகு ஒன்று உண்டு.

உள்ளே இருக்கும் கிளைக் குழாய்கள் சாதாரணமாக 2 மில்லிமீட்டருக்கு மேல் இருப்பதில்லை. ஸ்கேனில் கண்ணுக்கே படாது. அவை பெருத்துவிட்டால், பக்கத்திலேயே ஓடும் ரத்தக் குழாயோடு ஜோடியாக, இரட்டைக் குழல் துப்பாக்கி போல் தெரியும். பெருக்கக் காரணம்? கீழே எங்கேயோ மடை அடைத்துக்கொண்டிருக்கிறது. மேலே தண்ணீர் தேங்குகிறது. ஆகவே குழாய் விரிவது தனி வியாதி அல்ல, தடயம். 'என்ன மருந்து?' என்று டாக்டரைக் கேட்பதற்கு முன்னால், 'அடைப்பு எங்கே, எதனால்?' என்று கேட்க வேண்டும்.

இங்கேதான் விஷயம் துப்பறியும் கதை போல் ஆகிவிடுகிறது. இடது பக்கத்துக் குழாய்கள் மட்டும் விரிந்திருந்தால் இடது வாய்க்காலில் கோளாறு. இரண்டு பக்கமும் விரிந்து, கீழே பொதுக் குழாய் ஒல்லியாகவே இருந்தால் கல்லீரலின் வாசலில் அடைப்பு. பொதுக் குழாயும் பெருத்திருந்தால் தடை இன்னும் கீழே. காமாலையுடன், வலியில்லாமல், பித்தப்பையும் வீங்கிக் கைக்குத் தட்டுப்பட்டால், கல்லைவிடக் கணையத்தின் தலையில் கட்டி இருக்கிறதா என்றே முதலில் பார்ப்பார்கள். கூர்வாசியே என்ற சுவிஸ் சர்ஜன் 1890-லேயே இதைக் கண்டு எழுதினார், ஸ்கேன் என்ற பேச்சே இல்லாத காலத்தில்!

நம் ஊரில் முதல் சந்தேகம் கல்லின் மேல்தான். பித்தப்பைக் கல் ஆண்களைவிடப் பெண்களுக்கு ஜாஸ்தி. பிள்ளைப்பேறும் பெண்மைக்குரிய ஹார்மோன்களும் அதற்கு உதவி செய்கின்றன. பையில் சும்மா கிடக்கும் கல் ஒரு நாள் நழுவிப் பொதுக் குழாயில் உட்கார்ந்துகொள்ளும். பித்தப்பை ஆபரேஷனில் குழாய்க்குக் காயம் பட்டுப் பின்னால் சுருங்குவதும் உண்டு. வயிற்றில் இருக்க வேண்டிய நாக்குப்பூச்சி வழி தவறி உள்ளே நுழைவதும் உண்டு. குழாயிலேயே உண்டாகும் புற்றுநோயும் உண்டு.

சமையலறைக்கும் இதற்கும் சம்பந்தமா என்று கேட்பீர்கள். தாய்லாந்தின் வடகிழக்குப் பகுதியில் இருக்கிறது. அங்கே ஆற்று மீனைப் பச்சையாகவே கொத்தி, எலுமிச்சைச் சாறும் மிளகாயும் சேர்த்து 'கோய் ப்ளா' என்று ருசித்துச் சாப்பிடுவார்கள். அந்த மீனில் இருக்கும் நுண்ணிய புழு எலுமிச்சைக்குச் சாகாது. பித்தநீர்க் குழாயில் வருஷக்கணக்கில் குடியிருந்து புண்ணாக்கி, கடைசியில் புற்றுநோயில் கொண்டுபோய் விடுகிறது. கோன்கேன் பல்கலைக்கழகத்து சர்ஜன் நரோங் குந்திக்கேயோ தம் தாயையும் தந்தையையும் இந்த நோய்க்கே பறிகொடுத்தவர். பிறகு கிராமம் கிராமமாக ஸ்கேன் கருவியைக் கொண்டுபோய்ப் பரிசோதிக்கும் பெரு முயற்சியில் இறங்கினார். மீனை நன்றாக வேக வைத்தால் புழு செத்துப்போகும். ஆனால் பாட்டி காலத்து ருசியை விடச் சொல்வது ஆபரேஷனைவிடக் கஷ்டம் போலும்!

அடைப்பே இல்லாமல், பிறவியிலேயே உள் குழாய்கள் பைபையாக விரிந்திருப்பதும் அபூர்வமாக உண்டு. 1958-ல் பிரெஞ்சு டாக்டர் கரோலி விவரித்ததால் அவர் பெயராலேயே வழங்குகிறது.

சரி, வீட்டில் எப்படிச் சந்தேகிப்பது? சிறுநீர் டிக்காஷன் நிறத்தில் போகும். மலம் வெளிறிக் களிமண் போலாகும். உடம்பெங்கும் அரிப்பு எடுக்கும். கண் மஞ்சளாகும். உடனே நம்மவர்கள் கீழாநெல்லியைத் தேடுகிறோம். தண்ணீரால் பரவும் சாதாரணக் காமாலை பெரும்பாலும் தானாகவே குணமாகும். பெயர் கீழாநெல்லிக்குப் போகும். கல்லோ கட்டியோ அடைத்திருந்தால் எந்தக் கீரையும் அதை நகர்த்தாது; வாரங்கள்தான் வீணாகும். இன்னொன்று: ஒரு பக்கம் மட்டும் அடைத்திருந்தால் மறு பக்கம் சமாளித்துக்கொள்ளும். கண் மஞ்சளாகாது. 'காமாலை இல்லையே' என்று ரிப்போர்ட்டை மடித்து வைக்கக் கூடாது.

காமாலையோடு விலா எலும்புக்குக் கீழே வலது பக்கம் வலியும், உடம்பைத் தூக்கிப் போடும் குளிர் ஜுரமும் சேர்ந்தால், தேங்கிய பித்தநீரில் கிருமி புகுந்துவிட்டது என்று அர்த்தம். 1877-ல் ஷார்க்கோ என்ற பிரெஞ்சு டாக்டர் இந்த மூன்றையும் சேர்த்துச் சொன்னார். காலை வரை காத்திருக்க வேண்டாம். ராத்திரியானாலும் ஆஸ்பத்திரிக்குப் புறப்பட வேண்டியதுதான்.

அடைப்பைச் சரியாகக் காண, ஊசியோ குழாயோ உள்ளே விடாத எம்.ஆர்.சி.பி. ஸ்கேன் இருக்கிறது. சாதாரண ஸ்கேனில் குடல் வாயு மறைத்துவிடும் கல்லையும் பெரும்பாலும் காட்டிக்கொடுக்கும். எடுப்பதற்கு ஈ.ஆர்.சி.பி.: வாய் வழியாகக் குழாயை இறக்கி, அந்த மதகைச் சற்றுக் கீறிக் கல்லை வெளியே இழுப்பார்கள். 1974-ல் ஜப்பானிலும் ஜெர்மனியிலும் இந்தக் கீறல் வந்த பிறகு, வயிற்றைக் கிழிக்காமலே பலர் வீடு திரும்புகிறார்கள். சிலருக்குப் பித்தநீர் வடிவதற்காக உள்ளே ஒரு பிளாஸ்டிக் குழாய் வைத்து அனுப்புவார்கள். சுமார் மூன்று மாதத்தில் அதை எடுக்கவோ மாற்றவோ வேண்டும். மறந்தால் அதுவே அடைத்துக்கொண்டு மறுபடி ஜுரத்தில் கொண்டுவிடும். நோயாளி அநேகமாக மறந்துவிடுவார். அந்தத் தேதியைக் காலண்டரில் குறித்து வைப்பது வீட்டில் யார் வேலை என்பது உங்களுக்குத் தெரியாதா!