பொது நிரலகக் கோப்புகளும் தமிழ் எழுத்துத் தோற்றமும்

கணிப்பொறித் திரையில் ஒரு தமிழ்ச்சொல் பிழையாகத் தோன்றுமாயின், அப்பிழை மூன்று இடங்களுள் ஒன்றில் இருத்தல் கூடும்: பனுவலில் இருக்கலாம், எழுத்துருவில் இருக்கலாம், அல்லது இவ்விரண்டிற்கும் இடைநின்று எழுத்துகளை ஒழுங்குபடுத்தும் நிரலகக் கோப்பில் இருக்கலாம். முதலிரண்டையும் மொழியியலாளரும் மொழிபெயர்ப்பாளரும் நன்கறிவர். மூன்றாவது பெரும்பாலும் கண்ணிற்படுவதில்லை. அதனை அறியாமையால் பிழையற்ற பனுவல்கள் திருத்தப்பட்டே கெட்டிருக்கின்றன.

நிரலகம் (லைப்ரரி) என்பது பல மென்பொருள்களுக்கும் வேண்டிய பணிகளைச் செய்யும் நிரல்களின் தொகுப்பாகும். இதனை அகராதித் தொகுப்பாளர் எளிதில் விளங்கிக்கொள்வர். ஒரு பொருள்விளக்கத்தை வேண்டுமிடந்தோறும் முழுமையாக எழுதுவது ஒரு முறை. ஓரிடத்தில் மட்டும் எழுதிப் பிறவிடங்களில் 'காண்க' என்று குறிப்பது மற்றொரு முறை. பொது நிரலகம் இரண்டாம் முறையைச் சார்ந்தது. விண்டோசில் இக்கோப்புகள் 'டிஎல்எல்' என்னும் பின்னொட்டையும், லினக்சில் 'எஸ்ஓ' என்னும் பின்னொட்டையும் பெறும். கோப்பைத் திறப்பதற்கான சாளரம் பல மென்பொருள்களில் ஒரே தோற்றத்துடன் வருவது இதனாலேயே. அச்சாளரத்திலுள்ள சொற்களை ஒருமுறை மொழிபெயர்த்தால் அத்தனை மென்பொருள்களிலும் அவை இடம்பெறும். 'காண்க' முறைக்குரிய இடரும் இதற்குண்டு. சுட்டப்பட்ட பதிவு மாறினால் சுட்டிய இடமெல்லாம் பொருள் மாறும். ஒரு மென்பொருளை நிறுவும்போது பழைய நிரலகம் புதியதன்மேல் எழுதப்பட்டுப் பிற மென்பொருள்கள் பழுதுற்ற நிலையை 1990களில் 'டிஎல்எல் நரகம்' என்றே வழங்கினர்.

தமிழ் எழுத்து இந்நிரலகத்தைச் சார்ந்திருப்பது ஏன்? 'கொ' என்பதில் ஒற்றைக்கொம்பு ககரத்திற்கு முன்னும் துணைக்கால் பின்னும் நிற்கின்றன. ஒலிப்பு முறையிலோ மெய் முன்னும் உயிர் பின்னும் வருகின்றன. திஸ்கி போன்ற குறியேற்றங்கள் கண்ணிற்குத் தோன்றும் வரிசையிலேயே எழுத்துகளைச் சேமித்தன. ஆகவே எழுத்துரு ஒன்றே அவற்றிற்குப் போதுமானதாயிற்று. 1991ஆம் ஆண்டின் இந்தியத் தரமாகிய இஸ்கியும், அதன் முந்தைய வடிவத்தைத் தழுவிய யூனிகோடும் ஒலிப்பு வரிசையைக் கொண்டவை. இவற்றுள் ககரத்தின் குறியெண்ணை அடுத்து ஒகரக் குறியின் எண் வரும். கொம்பை முன்னே நகர்த்தித் துணைக்காலைப் பின்னே நிறுத்துவது வேறொருவர் பணியாகிறது. அப்பணியைச் செய்வதே உருவமைப்பு நிரலகம். மொழியியல் நோக்கில் ஒலிப்பு வரிசையே ஏற்றது என்பதில் ஐயமில்லை. ஆயினும் அதன் விலையாகத் தமிழ் ஒரு கோப்பினைச் சார்ந்து நிற்க நேர்ந்தது.

விண்டோசில் இப்பணியை 'யூனிஸ்கிரைப்' என்னும் நிரலகம் செய்தது. விண்டோஸ் 2000 பதிப்பில் தமிழும் தேவநாகரியும் இடம்பெற்றன. கன்னடமும் தெலுங்கும் 2001இல் வந்த எக்ஸ்பி பதிப்பிலேயே சேர்ந்தன. மலையாளம் 2004ஆம் ஆண்டின் இரண்டாம் திருத்தத் தொகுப்பு வரை காத்திருந்தது. மைசூரிலுள்ள இந்திய மொழிகளின் நடுவண் நிறுவனம் போன்று நான்கு திராவிட மொழிகளுக்கும் தரவகம் தொகுக்கும் இடத்தில் இதன் பொருள் வெளிப்படை: ஒரே அறையிலுள்ள கணிப்பொறி தமிழுக்கு ஏற்றதாகவும் மலையாளத்திற்கு ஏலாததாகவும் இருக்கக்கூடிய காலம் ஒன்று இருந்தது. மேலும், விண்டோஸ் ஒரு நிரலகத்தைத் தேடும்போது மென்பொருளின் சொந்தக் கோப்புறையை முதலிற் பார்க்கும்; பின்னரே பொதுக் கோப்புறைக்குச் செல்லும். ஆபீஸ் 2003 தனக்கென யூனிஸ்கிரைப்பின் தனிப்படி ஒன்றை வைத்திருந்தது. இதனால் ஒரே கணிப்பொறியில், ஒரே எழுத்துருவில், ஒரே பனுவல் இரு மென்பொருள்களில் இருவேறாகத் தோன்ற இடமேற்பட்டது.

தட்டச்சர் இந்நிலையில் செய்வது இயல்பானதே. 'கொ' என்பதில் கொம்பு ககரத்திற்குப் பின் தோன்றினால், அதை அழித்துவிட்டுக் கொம்பை முதலிலும் ககரத்தை அடுத்தும் அடிப்பார். அவர் திரையில் சொல் சீராகிவிடும், பனுவலோ சிதைந்துவிடும். அதே பனுவலை முறையான நிரலகமுள்ள கணிப்பொறியில் திறந்தால், தனித்து நிற்கும் கொம்பிற்கு அருகே புள்ளிகளாலான வட்டம் ஒன்று தோன்றும். கொம்பையும் துணைக்காலையும் மெய்க்குப் பின்னர் இரு குறிகளாக அடித்திருந்தால் குற்றமில்லை. யூனிகோடின் இயல்பாக்க விதி அவற்றை ஒரே ஒகரக் குறியாகக் கருதும். கொம்பு முன்னே அடிக்கப்பட்டதை அவ்விதி சீராக்காது. 'கௌரவம்' என்பதன் ஔகாரத்தை எகரக் குறியும் ளகரமுமாக அடிக்கும் வழக்கமும் அத்தகையதே. இது தட்டச்சுப்பொறிக் காலத்துப் பழக்கம், நிரலகத்தின் குற்றமன்று. எனினும் தொடரடைவில் அச்சொல் இரு பதிவுகளாகப் பிரிந்து நிற்கும், சொல்நிகழ்வெண்ணும் பிழையாகும்.

இன்னும் நுட்பமானது 'ஸ்ரீ' என்னும் கூட்டெழுத்து. தொடக்கத்தில் நிரலகங்கள் இதனை ஸகரம், புள்ளி, ரகரம், ஈகாரக் குறி ஆகியவற்றின் தொடர்ச்சியிலிருந்து உருவாக்கின. 2005இல் வந்த யூனிகோடு 4.1 பதிப்பு ஶகரத்தைத் தமிழ்ப் பகுதியிற் சேர்த்தபின், ஶகரத்தை முதலாகக் கொண்ட தொடர்ச்சியே முறையானது எனக் கொள்ளப்பட்டது. பழம் பனுவல்களைக் கைவிட இயலாமையால் இக்கால நிரலகங்கள் பல இரண்டிற்கும் ஒரே வடிவத்தைத் தருகின்றன. ஸ்ரீரங்கப்பட்டணம் என்னும் ஊர்ப்பெயர் இருவகையிலும் உள்ளிடப்பட்ட தரவகத்தில் கண் வேறுபாடு காணாது, தேடுபொறி காணும். இங்கு நிரலகம் பிழையை உண்டாக்கவில்லை, மறைக்கிறது.

அகரவரிசைப்படுத்தலும் நிரலகத்தின் பணியே. யூனிகோடின் தமிழ்ப் பகுதியில் னகரம் நகரத்தை அடுத்தும், றகரம் ரகரத்தை அடுத்தும் வைக்கப்பட்டுள்ளன. குறியெண்ணை மட்டும் நோக்கும் மென்பொருள் 'வனம்' என்பதை 'வரம்' என்பதற்கு முன் வைக்கும். தமிழ் வரிசை விதிகளைக் கொண்ட நிரலகத்தை அழைக்கும் மென்பொருள் 'வரம்' என்பதை முன்வைக்கும். சொற்பட்டியல் ஒன்றைப் பலர் பகுத்துக்கொண்டு தொகுக்கும்போது இவ்வேறுபாடு பெருங்குழப்பம் விளைவிக்கும்.

லினக்சில் நிலைமை ஒருகாலத்தில் இன்னும் சிக்கலாயிருந்தது. க்னோம் சூழல் 'பாங்கோ'வையும், கேடிஈ சூழல் 'க்யூட்டி'யையும், ஓப்பன் ஆபீஸ் 'ஐசியு'வையும் நாடின. பின்னர் 'ஹார்ஃப்பஸ்' என்னும் கட்டற்ற நிரலகம் பொதுவாயிற்று. ஃபயர்ஃபாக்ஸ், குரோம், ஆண்ட்ராய்டு ஆகியவை அதனைப் பயன்படுத்துகின்றன. லிப்ரே ஆபீஸ் 2017இல் வந்த 5.3 பதிப்பிலிருந்து எல்லா இயங்குதளங்களிலும் அதனையே கொண்டது. இதனால் தோற்றப்பிழைகள் பெரிதும் குறைந்துள்ளன. பழைய நிரலகங்களின் காலத்தில் திருத்தப்பட்ட பனுவல்கள் மட்டும் அவ்வாறே தரவகங்களில் உள்ளன.

ஆகவே, பிழையெனத் தோன்றும் சொல்லைத் தொடுமுன் அக்கோப்பினை வேறொரு நிரலகத்தைப் பயன்படுத்தும் மென்பொருளில் திறந்து பார்த்தல் வேண்டும். இரண்டிலும் பிழை தோன்றினால் குறியெண் வரிசையை ஆராயலாம். ஒன்றில் மட்டும் தோன்றினால் பனுவலைத் திருத்துதல் கூடாது. சீராகத் தோன்றும் சொற்களுள்ளும் ஔகாரமும் 'ஸ்ரீ'யும் வருமிடங்களைக் குறியெண் வழியே தேடிப் பார்த்தல் இன்றியமையாதது.