சோழியும் கிரகணமும்

மண்ணச்சநல்லூரிலிருந்து தெற்கே சென்று கொள்ளிடத்தைக் கடந்தால் திருவரங்கம். அவ்வூரின் பெயரால் வெளிவருவது வாக்கியப் பஞ்சாங்கம். வாக்கியம் என்பது இங்கு, ஒரு நாளில் நிலவு நிற்கும் இடத்தைச் சுட்டும் சிறு வடமொழித் தொடர். அதன் எழுத்துகள் எண்களைக் குறிக்கும். நிலவின் வேகம் கூடிக் குறையும் சுழற்சி 248 நாள்களில் ஏறத்தாழ ஒன்பது முறை நிறைவுறும். ஆதலின் 248 வாக்கியங்களை மனனம் செய்தவர்க்குத் தொலைநோக்கி வேண்டுவதில்லை.

இம்மரபைக் கண்டு வியந்தவர் பிரெஞ்சு வானியலர் லெ ழாந்தீல். 1769இல், வெள்ளிக்கோள் கதிரவனைக் கடப்பதைக் காணப் புதுச்சேரியில் காத்திருந்தார். பாவம், அன்று மேகம் மறைத்துவிட்டது. ஆயினும் அவர் வெறுங்கையுடன் திரும்பவில்லை. தமிழர் ஒருவர் சோழிகளை வைத்தெண்ணி, 1765 ஆகஸ்டு 30இல் நிகழ்ந்த சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டினார். கிரகணம் நீடித்த கால அளவில் அவர் கணக்கின் பிழை 41 நொடி. ஐரோப்பாவில் புகழ்பெற்றிருந்த மாயரின் அட்டவணைப்படி பிழை 68 நொடி.

எல்லாக் கணிப்பும் இத்துணைத் துல்லியமாக அமையவில்லை. 1825இல் ஜான் வாரன் என்னும் அதிகாரிக்காகப் புதுச்சேரிக் கணிதர் ஒருவர் கணித்த கிரகணத்தில் தொடக்கம் 4 நிமிடமும் முடிவு 52 நிமிடமும் பிழைத்தன. அக்கணிதர் வாய்பாடுகளைப் பிறழாது நினைவில் வைத்திருந்தார். அவை அவ்வாறு அமைந்த காரணத்தை அறிந்திலர். காரணம் அறியாதவர் வாய்பாட்டைத் திருத்துவது எங்ஙனம்? பிற்காலத்தில், வானை நோக்கிப் பெற்ற அளவுகளால் திருத்தப்பட்ட திருக்கணிதப் பஞ்சாங்கம் தோன்றியது. ஒரே நாளின் திதி முடியும் நேரத்தை இவ்விரு பஞ்சாங்கங்களிலும் ஒப்பிட்டுப் பாருங்கள்.