சென்னைக் குடிசைப்பகுதி இடமாற்றம்

சென்னைக் குடிசைப்பகுதி இடமாற்றம் என்பது, சென்னையின் ஆற்றங்கரை, கால்வாய்க்கரை, கடற்கரை, சாலையோரம் ஆகிய இடங்களில் வாழ்ந்த ஏழைக் குடும்பங்களை அப்புறப்படுத்தி, பெரும்பாலும் நகரின் தென்கோடிக்கு அப்பால் கட்டப்பட்ட அடுக்குமாடிக் குடியிருப்புகளில் அரசு குடியமர்த்துவதைக் குறிக்கும். கண்ணகி நகர், செம்மஞ்சேரி, பெரும்பாக்கம் ஆகியவை இவற்றுள் பெரியவை.

பின்னணி

யார் எங்கே வாழலாம் என்று வகுப்பது சென்னைக்குப் புதிதன்று. 1639இல் நிலம் பெற்ற ஆங்கிலேயர், புனித ஜார்ஜ் கோட்டைக்குள் வெள்ளையர் நகரையும் அதன் வடபுறம் இந்தியர் வாழ்ந்த கறுப்பர் நகரையும் வைத்தனர். 18ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சுப் போர்களையொட்டி, கோட்டைச் சுவரை ஒட்டியிருந்த பழைய கறுப்பர் நகர் இடித்து வெளியாக்கப்பட்டது. மக்கள் மேலும் வடக்கே தள்ளப்பட்டனர். இன்றைய உயர்நீதிமன்ற வளாகம் இருப்பது அந்தப் பழைய இடத்தில்தான். புதிய கறுப்பர் நகருக்கு 1911இல் ஜார்ஜ் டவுன் என்று பெயர் மாற்றினர். 1920ஆம் ஆண்டின் சென்னை நகரத் திட்டமிடல் சட்டத்துக்குப் பின் தியாகராய நகர் போன்ற மனைப்பகுதிகள் எழுந்தன. அவற்றில் வீட்டு வேலை செய்தோருக்கு மனை ஒதுக்கும் எண்ணம் திட்டக்காரர்களுக்குப் பெரிதாக இருந்ததாகத் தெரியவில்லை. அவர்கள் கூவம், அடையாறு, பக்கிங்காம் கால்வாய் ஆகியவற்றின் கரைகளில் குடிசை போட்டனர்.

வாரியமும் சட்டமும்

1970இல் தமிழ்நாடு குடிசை மாற்று வாரியம் அமைக்கப்பட்டது. 1971இல் குடிசைப்பகுதிகள் (மேம்பாடு மற்றும் அகற்றல்) சட்டம் வந்தது. தொடக்க காலத்தில் வாரியம் குடிசை இருந்த இடத்திலேயே மாடி வீடுகளைக் கட்டித் தந்தது. மெரினாவை ஒட்டிய நொச்சிக்குப்பம் அப்படி எழுந்ததே. 1977இல் உலக வங்கி உதவியுடன் தொடங்கிய சென்னை நகர்ப்புற வளர்ச்சித் திட்டம் வேறு வழியில் சென்றது. அரும்பாக்கம், வில்லிவாக்கம், கொடுங்கையூர் ஆகிய இடங்களில் மனையும் குடிநீர், கழிவுநீர் வசதியும் தரப்பட்டன. வீட்டை மக்களே சிறுகச் சிறுகக் கட்டிக்கொண்டனர். பின்னாளைய திட்டங்களைவிட இது சிக்கனமானது, மக்களுக்கும் ஏற்றது. இது தொடராதது பெரும் இழப்பே.

1971 சட்டத்தின்படி 1,202 இடங்கள் குடிசைப்பகுதிகளாக அறிவிக்கப்பட்டன. 1985இல் மேலும் 17 இடங்கள் சேர்ந்தன. அதன் பிறகு நெடுங்காலம் பட்டியல் நீளவில்லை. பட்டியலில் இருந்தால் சட்டப்படி மேம்பாட்டு வசதி கேட்கலாம். இல்லையென்றால் எத்தனை ஆண்டு வாழ்ந்திருந்தாலும் அது வெறும் ஆக்கிரமிப்புதான். வாழ்வாதார உரிமை வாழ்வுரிமையின் பகுதி என்று உச்சநீதிமன்றம் ஓல்கா டெல்லிஸ் வழக்கில் கூறியதும் அதே 1985இல்தான். ஆனால் முறைப்படி முன்னறிவிப்புக் கொடுத்து அகற்றுவதை அத்தீர்ப்பு தடுக்கவில்லை.

நகருக்கு வெளியே

2000ஆம் ஆண்டு முதல், பழைய மாமல்லபுரம் சாலையில் ஒக்கியம் துரைப்பாக்கத்தை அடுத்து, நகர மையத்திலிருந்து சுமார் 20 கி.மீ. தொலைவில் கண்ணகி நகர் எழுந்தது. இங்கு 15,000க்கும் மேற்பட்ட வீடுகள் உள்ளன. முதலில் கட்டியவை 200 சதுர அடியை ஒட்டியவை. 2004 டிசம்பர் 26 சுனாமிக்குப் பின் செம்மஞ்சேரியில் பல மீனவக் குடும்பங்கள் குடியேற்றப்பட்டன. கடற்கரையில் வாழ்ந்தவர்களுக்கு இதன் சிரமம் எளிதில் விளங்கும்: படகு, வலை, மீன் ஏலம் எல்லாம் கரையில் இருக்க, வீடு மட்டும் உள்ளே பல கி.மீ. தள்ளியிருந்தால் விடியற்காலைத் தொழில் நடக்காது. 2015 டிசம்பர் வெள்ளத்துக்குப் பின் ஆற்றங்கரைக் குடும்பங்கள் பெரும்பாக்கத்தின் எட்டு அடுக்குக் கட்டடங்களுக்கு அனுப்பப்பட்டன. வெள்ள ஆபத்திலிருந்து காப்பதற்காக என்பது அரசு சொன்ன காரணம். பெரும்பாக்கமோ பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்தை ஒட்டிய தாழ்வான பகுதி.

தொலைவின் விலையை முதலில் கொடுத்தவர்கள் பெண்கள். மயிலாப்பூரில் நடந்தே போய் இரண்டு மூன்று வீடுகளில் வேலை செய்தவர், இங்கிருந்து பேருந்து ஏறினால் ஒரு வீட்டுக்குத்தான் நேரம் வாய்க்கும். கல்வியாண்டின் நடுவே இடம் பெயர்க்கப்பட்ட பிள்ளைகளில் சிலர் பழைய பள்ளிக்கே நெடுந்தூரம் சென்றனர், சிலர் படிப்பையே விட்டனர்.

முகவரியும் ஒரு சுமையாயிற்று. கண்ணகி நகர் என்று விண்ணப்பத்தில் எழுதினால் வேலையும் கடனும் மறுக்கப்படுவதாக அங்குள்ளோர் பல ஆண்டுகளாகக் கூறிவருகின்றனர். அமெரிக்காவில் இதையே வரைபடமாக்கி வைத்திருந்தனர். அங்கு 1933இல் தொடங்கப்பட்ட வீட்டுக்கடன் நிறுவனம், நகரப் பகுதிகளை நான்கு தரமாகப் பிரித்து வண்ணமிட்டது. கறுப்பின மக்கள் வாழ்ந்த இடங்கள் பெரும்பாலும் சிவப்பாயின. அங்கு வீட்டுக்கடன் கிடைப்பது அரிது. 1968ஆம் ஆண்டின் நியாய வீட்டுவசதிச் சட்டம் இப்பாகுபாட்டைத் தடை செய்த பிறகும், அப்பகுதிகள் பலவற்றில் வறுமை நீடிக்கிறது. செயின்ட் லூயிஸ் நகரில் ஏழைகளுக்காகக் கட்டிய 33 கட்டடங்கள் கொண்ட புரூயிட்-ஐகோ குடியிருப்பு, இருபதாண்டுகூட நிலைக்காமல் 1972இல் இடிக்கத் தொடங்கப்பட்டது. சென்னையில் சிவப்பு வரைபடம் எதுவும் கிடையாது. ஏழைகளை மட்டும் ஓரிடத்தில் சேர்த்ததாலேயே அந்த முத்திரை விழுந்துவிட்டது.

அண்மைக் காலம்

2021இல் வாரியத்தின் பெயர் தமிழ்நாடு நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் என மாற்றப்பட்டது. 2022 மே மாதம், ராஜா அண்ணாமலைபுரம் கோவிந்தசாமி நகரில் பக்கிங்காம் கால்வாய்க்கரை வீடுகள் நீதிமன்ற உத்தரவின்பேரில் இடிக்கப்பட்டபோது, அங்கு வாழ்ந்த ஒருவர் தீக்குளித்து இறந்தார். அதையடுத்து, அம்மக்களுக்கு அருகிலுள்ள மந்தைவெளி, மயிலாப்பூர் பகுதிகளில் கட்டப்படும் குடியிருப்புகளில் வீடு வழங்கப்படும் என்று முதலமைச்சர் சட்டமன்றத்தில் அறிவித்தார்.