சாரதாவின் மறுமணம்

ஜப்பானிய எழுத்தாளர் தனிஸாகியின் நாவலைத் தழுவி, இத்தாலிய இயக்குநர் டின்டோ பிராஸ் 1983இல் எடுத்த ‘லா கியாவே’ என்னும் சிருங்காரப் படத்தில், மனைவியின் பரபுருஷ மோகத்தையே தன் தளர்ந்த இச்சைக்கு ஔஷதமாக்கிக்கொள்ளும் வயோதிகக் கணவன் ஒருவனைக் காண்கிறோம். செட்டிநாட்டுப் புதுவயலின் அரிசி ஆலை முதலாளிகளிடம் இக்கதையைச் சொன்னால் ‘சிவ சிவா’ என்று காதைப் பொத்திக்கொள்ளக்கூடும். ஆயினும் இதே சீமையினரான, கவிஞர் கண்ணதாசனின் தமையனார் ஏ.எல். சீனிவாசன் தயாரிக்க, கே.எஸ். கோபாலகிருஷ்ணன் 1962இல் முதன்முதலாக இயக்கிய ‘சாரதா’, விபத்தினால் தாம்பத்திய சுகத்தை இழந்த கணவன் தானே முன்னின்று மனைவிக்கு மறுமணம் செய்துவைக்க முனைவதைக் கூசாமல் பேசிற்று. விஜயகுமாரி நடித்த அந்நாயகி மணக்கோலத்திலேயே உயிர் துறக்கிறாள். அவளுடைய விருப்பம் யாதென வினவத் துணிந்த கதை, விடை வருமுன் அவளை மாய்த்துவிட்டதே என்பது என் மனக்குறை. வெனிஸ் நகரில் நிகழும் ‘லா கியாவே’ கதையிலோ மாள்பவன் கணவன்.