குருந்தம் இல்லாத கார்போரண்டம்

கோவை துடியலூரில் மேட்டுப்பாளையம் சாலையோரத்து ஹார்டுவேர் கடைகளில் சாணைக்கல் கேட்டால், விலை சொல்வதற்கு முன் ஒரு கேள்வி வரும். "எதைத் தேய்க்கறதுக்குங்கண்ணா? ஷாஃப்டுக்குங்களா, வார்ப்புக்குங்களா?" அனுபவம் உள்ள கடைக்காரர் இதைக் கேட்காமல் கல்லை எடுத்துத் தரமாட்டார். மோட்டார் பம்பின் உடல் வார்ப்பிரும்பு, உள்ளே சுழலும் தண்டு எஃகு. இரண்டையும் ஒரே கல்லில் தேய்த்தால் கல்லும் வீண், வேலையும் வீண்.

கல்லின் நடுவில் ஒட்டியிருக்கும் வட்டத் தாளில் இந்தச் சேதி குறியீடாக அச்சிட்டிருக்கும். ஏ 60 கே 5 வி என்பது போல ஒரு வரி. 60 என்பது துகளின் பருமன், கே என்பது துகள்களைக் கல் எவ்வளவு இறுக்கிப் பிடித்திருக்கிறது என்பது, 5 என்பது துகள்களுக்கு இடையிலான நெருக்கம், வி என்றால் பீங்கான் போலச் சுட்டு இறுக்கிய பிணைப்பு. முதல் எழுத்துதான் முக்கியம். அங்கே 'ஏ' இருந்தால் துகள் அலுமினியம் ஆக்சைடு, எஃகுக்கு அது. 'சி' இருந்தால் சிலிக்கான் கார்பைடு; வார்ப்பிரும்புக்கும் கல், கண்ணாடி போன்றவற்றுக்கும் அது. எஃகில் சிலிக்கான் கார்பைடை வைத்துத் தேய்த்தால், உராய்வுச் சூட்டில் துகள் இரும்போடு வினைபுரிந்து சீக்கிரம் மழுங்கிப் போகும். கார்பைடு முனை வைத்த லேத்து உளிகளைத் தீட்டும் பச்சைக் கல்லும் சிலிக்கான் கார்பைடுதான், அதிலே சற்றுத் தூய்மையான வகை.

பட்டறைகளில் இந்த இரண்டாவது கல்லுக்குப் பெயர் கார்போரண்டம். முருகப்பா குழுமம் அமெரிக்க, பிரிட்டிஷ் நிறுவனங்களோடு கைகோத்து 1954-இல் தொடங்கிய கார்போரண்டம் யுனிவர்சல், அந்தச் சொல்லை நிறுவனப் பெயராகவே சுமந்துகொண்டிருக்கிறது. கேட்பதற்கு அசல் அமெரிக்கச் சொல் போல இருக்கிறது. முன்பாதி கார்பன். பின்பாதி நம் ஊர்க் குருந்தம்.

குருந்தம் என்றால் தமிழ் படித்தவர்களுக்கு முதலில் மரம்தான் நினைவுக்கு வரும். திருப்பெருந்துறையில் மாணிக்கவாசகர் உபதேசம் பெற்ற குருந்த மரம். அகராதியைப் புரட்டினால் அதே சொல்லுக்கு ஒரு கல்லும் பொருளாக இருக்கும். குருந்தக்கல். அலுமினியமும் ஆக்சிஜனும் மட்டும் சேர்ந்த கனிமம் அது. கனிமங்களின் கடினத்தை வரிசைப்படுத்த ஃபிரீட்ரிஷ் மோஸ் 1812-இல் போட்ட அளவுகோலில் வைரம் 10, குருந்தம் 9. ஆற்று மணலில் மினுங்கும் குவார்ட்ஸ் 7. துளி குரோமியம் கலந்து சிவந்தால் அதே குருந்தம் மாணிக்கம். இரும்பும் டைட்டேனியமும் கலந்தால் நீலக்கல். நிறமும் தெளிவும் வாய்க்காமல் சாம்பலும் பழுப்புமாகக் கிடப்பது, பீப்பாய் வடிவத்தில் ஆறு பக்கமுள்ள முரட்டுப் படிகம், வெறும் குருந்தக்கல். பொடித்து, அரக்கில் குழைத்து வட்டமாக வார்த்துச் சாணை செய்வது இந்திய மணித் தொழிலாளிகளின் பழைய வழக்கம்.

ஐரோப்பாவுக்கு இந்தக் கல் பெயரோடுதான் போயிற்று. 1728-இல் இறந்த ஆங்கிலேயர் ஜான் உட்வர்டின் கல் சேகரிப்புப் பட்டியலில் சென்னைக் கோட்டைப் பக்கத்துக் கல் ஒன்று 'கொரிவிந்தம்' என்று பதிவாகியிருக்கிறது. நெல்வயல்களில் வயல் எலிகள் வளை தோண்டும்போது வெளியே தள்ளுவது, இரும்பை மெருகிட உதவுவது என்று அதற்கு ஒரு குறிப்பும் உண்டு. சுரங்க ஆய்வாளர் வேலையை எலி பார்த்திருக்கிறது! அந்தப் பெயருக்கு முன்னால் 'நெல்ல', 'தெல்ல' என்ற அடைமொழிகள் நிற்கின்றன. தெலுங்கில் கறுப்பையும் வெள்ளையையும் குறிக்கும் சொற்களைத்தான் காதில் விழுந்தபடி எழுதியிருக்கிறார்கள் என்று எனக்குப் படுகிறது. தமிழின் குருந்தமும் வடமொழியின் குருவிந்தமும் உறவுக்காரச் சொற்கள். மாணிக்கத்தின் நான்கு சாதிகளில் ஒன்றாகக் குருவிந்தத்தைப் பழைய மணிநூல் மரபும் சொல்கிறது. யாரிடமிருந்து யார் வாங்கினார் என்ற வழக்கு இருக்கட்டும். உட்வர்டின் கொரிவிந்தத்தில் 'வி' இருக்கிறது. இன்று உலகம் வழங்கும் கொரண்டத்தில் அது இல்லை, குருந்தத்தைப் போலவே. ஆங்கில அகராதிகள் அந்தச் சொல்லுக்குத் தமிழை மூலமாகக் காட்டுவதில் வியப்பில்லை.

அந்த வடிவத்தை அறிவியல் உலகில் நிலைநிறுத்தியவர் சார்லஸ் கிரெவில். லண்டன் ராயல் சொசைட்டியின் இதழில் 1798-இல் ஆசியக் கொரண்டக் கல் பற்றி நீண்ட கட்டுரை எழுதினார். அவருடைய சேகரிப்பை ஆராய்ந்தவர் பிரெஞ்சுப் புரட்சிக்குத் தப்பி இங்கிலாந்தில் அடைக்கலம் புகுந்த பூர்னோன் பிரபு. படிகங்களின் முகங்களையும் கோணங்களையும் ஒப்பிட்டு, மாணிக்கம், நீலம், முரட்டுக் குருந்தம் எல்லாம் ஒரே கனிமம் என்று 1802-இல் அவர் விரிவாகக் காட்டினார். சாணைக்காரர் அரக்கில் குழைத்த பொடிக்கும் அரசர் முடியில் பதித்த மணிக்கும் அன்றிலிருந்து ஒரே பெயர். பிரெஞ்சில் கொரிந்தோன், ஜெர்மனில் கொருண்ட்.

அதே பூர்னோன் இன்னொரு பெயரும் வைத்தார். கர்நாடகப் பகுதி என்று அன்று அழைக்கப்பட்ட நம் பக்கத்திலிருந்து போன குருந்தப் படிகங்களைச் சுற்றி வெளிறிய வேறொரு கனிமம் ஒட்டியிருந்தது. அது புதிது என்று கருதி 'இந்தியனைட்' என்றார். பிறகு 1823-இல் குஸ்டாவ் ரோஸ் இத்தாலியின் வெசூவியஸ் பகுதிப் படிகங்களுக்கு அனார்த்தைட் என்று பெயரிட்டார். இரண்டும் ஒன்றுதான் என்று பின்னால் தெரிந்தது. இந்தியனைட் கைவிடப்பட்டது. நாமக்கல் மாவட்டத்துச் சித்தம்பூண்டியில் குருந்தம் இந்த அனார்த்தைட்டுக்குள்தான் பதிந்து கிடக்கிறது. நிலவின் வெளிர்ந்த மேட்டுநிலங்களும் அனார்த்தைட் மிகுந்த அதே வகைப் பாறை. அதனால்தான் சந்திரயான்-2 தரையிறங்கு கலத்தையும் உலாவியையும் சோதிக்க, செயற்கை நிலவு மண்ணுக்கான பாறையைச் சித்தம்பூண்டி, குன்னமலைப் பக்கமிருந்து டன் கணக்கில் இஸ்ரோ எடுத்துக்கொண்டது. பெயர் பிழைக்கவில்லை, கல் பிழைத்துக்கொண்டது.

துடியலூர்க்காரர் குருந்தத்தைப் பார்க்கச் சித்தம்பூண்டி வரை போகவேண்டியதில்லை. காங்கேயத்துக்குப் பக்கத்தில் சிவன்மலை இருக்கிறது. பெயர் சிவன்மலை என்றாலும் மேலே இருப்பவர் முருகன். பக்தர் கனவில் ஆண்டவர் சொன்ன பொருளைக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைக்கும் 'உத்தரவுப் பெட்டி'யால் இந்தக் கோயில் அடிக்கடி செய்தித்தாளில் வரும். பாறையியல்காரர்கள் இந்த மலைக்கு வந்தது வேறு உத்தரவில். இந்திய நிலவியல் ஆய்வுத் துறையின் தாமஸ் ஹென்றி ஹாலண்ட், பரங்கிமலைப் பாறைக்கு சார்னோக்கைட் என்று பெயர் வைத்தவர், 1898-இல் குருந்தம் பற்றித் தனி நூல் எழுதினார். 1901-இல் அன்றைய கோயம்புத்தூர் மாவட்டத்துச் சிவன்மலைப் பாறைத் தொடரைப் பற்றி விரிவான அறிக்கை வெளியிட்டார். நெஃபலின் சயனைட், குருந்தச் சயனைட் என்ற அரிய பாறைகள் அங்கே அடுத்தடுத்துக் கிடப்பதை அவர் விவரித்தார்.

ஏன் அந்த மலையில் மட்டும்? சுற்றுவட்டாரத்தில் பாறைக்குப் பஞ்சமில்லையே. விடை சிலிக்காவில் இருக்கிறது. பாறைக் குழம்பில் அலுமினாவும் சிலிக்காவும் சேர்ந்திருந்தால், சோடியம், பொட்டாசியம், கால்சியம் ஆகியவற்றையும் இழுத்துக்கொண்டு ஃபெல்ஸ்பார் ஆகிவிடும். அப்படியும் அலுமினா மிஞ்சினால், சில்லிமனைட் போன்ற கனிமங்களுக்குள் சிலிக்கா அதைக் கட்டிவிடும். தனியே குருந்தமாகப் படிகமாவதற்கு அலுமினாவுக்கு வாய்ப்பே கிடைக்காது. சிலிக்கா பற்றாமல் போன குழம்பில்தான் மிஞ்சிய அலுமினா குருந்தமாகத் திரளும். எனவே குவார்ட்ஸ் கண்ணில் படும் பாறையில் குருந்தத்தைத் தேடுவது வெட்டிவேலை. இரண்டும் ஒரே பாறையில் பக்கத்துப் பக்கத்தில் இருப்பது மிக அபூர்வம். கொங்குப் பாறைகளில் பெரும்பாலானவற்றில் குவார்ட்ஸ் தாராளம். சிவன்மலைச் சயனைட்டில் அது இல்லை.

மலைக்கு வடக்கே சில மைல் தூரத்தில், நொய்யல் கரையில் கொடுமணல். தமிழ்ப் பல்கலைக்கழகத்தார் 1985 முதல் அகழ்ந்த ஊர். நீலக்கல், பச்சைக்கல் எனப்படும் பெரில், குவார்ட்ஸ், சூதுபவளம் என்று மணிகள் பாதி தேய்த்தும், துளையிட்டும், முடித்தும் கிடைத்தன. தொழிற்கூடம் நடந்த இடம் என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டாம். அங்கே கிடைத்த நீலக்கல்லும் குருந்தமே. பெரிலின் கடினம் 7.5 முதல் 8 வரை. அதை மெருகிடக் குருந்தப் பொடி தாராளமாகப் போதும். வைரம் தவிர வேறெதற்கும் வளையாத ஒரு கல் அடுத்த மலையிலேயே கிடைத்த ஊரில் மணித்தொழில் செழித்ததில் ஆச்சரியப்பட என்ன இருக்கிறது?

இனி கார்போரண்டத்துக்கு வருவோம். எடிசனிடம் வேலை பார்த்த எட்வர்ட் குட்ரிச் அச்செசன், 1891-இல் அமெரிக்காவின் பென்சில்வேனியாவில், களிமண்ணையும் பொடித்த கோக் கரியையும் ஓர் இரும்புக் கிண்ணத்தில் கொட்டி மின்சாரத்தால் காய்ச்சினார். ஆறிய பிறகு கார்பன் கம்பியின் முனையில் பளபளக்கும் துகள்கள் சில ஒட்டியிருந்தன. கண்ணாடியில் இழுத்தார், கீறியது. களிமண்ணில் அலுமினா இருக்கிறது, கரியில் கார்பன் இருக்கிறது, ஆகவே இது கார்பனும் கொரண்டமும் கூடிய சரக்கு என்று அவர் கணக்குப் போட்டார். கார்போரண்டம் பிறந்தது. காப்புரிமை 1893-இல். ஆரம்பத்தில் அது மணித் தொழிலாளிகளுக்குக் காரட் கணக்கில் விற்ற விலையுயர்ந்த பொடி.

பகுத்துப் பார்த்தபோது கணக்கு தப்பு என்று தெரிந்தது. களிமண்ணில் அலுமினாவோடு சிலிக்காவும் உண்டு. கரியோடு கூடியது சிலிக்கான், அலுமினியம் ஒதுங்கிக்கொண்டது. கிடைத்தது சிலிக்கான் கார்பைடு. அதில் குருந்தத்தின் அணு ஒன்றுகூடக் கிடையாது. அதற்குள் வியாபாரப் பெயர் பரவிவிட்டது, திருத்த யாருக்கும் தேவையும் இருக்கவில்லை. பாக்சைட்டை மின்னுலையில் உருக்கிச் செயற்கையாகக் குருந்தம் செய்யும் வித்தை 1890-களின் இறுதியில் வந்தது. அதுதான் இன்றைய 'ஏ' எழுத்துக் கல். ஆக, தண்டு தேய்க்கும் கல் முழுக்க முழுக்கக் குருந்தம், ஆனால் யாரும் அதை அப்படி அழைப்பதில்லை. வார்ப்பு தேய்க்கும் கல்லில் குருந்தம் துளியும் இல்லை, பெயரில் மட்டும் உட்கார்ந்திருக்கிறது. 'எமரி பேப்பர்' என்று நாம் கிழித்துத் தேய்க்கும் தாளுக்குப் பெயர் தந்த எமரி, குருந்தமும் காந்தக்கல்லும் கலந்த பாறைதான். அந்தப் பெயர் கிரேக்கத்திலிருந்து வந்தது.

சிலிக்கான் கார்பைடு இயற்கையில் கிடைக்கிறதா? கிடைக்கிறது, ஆனால் அரிது. அரிசோனாவின் கேன்யன் டியாப்லோ விண்கல் துண்டை 1893 முதல் ஆராய்ந்த பிரெஞ்சு வேதியியலாளர் ஆன்றி முவாசான், அதிலிருந்த கடினத் துகள்களை முதலில் வைரம் என்று நினைத்தார். சிலிக்கான் கார்பைடு என்று 1904-இல் கண்டறிந்தார். அடுத்த ஆண்டு ஜார்ஜ் குன்ஸ் அந்தக் கனிமத்துக்கு முவாசனைட் என்று பெயரிட்டார். உடனே ஒரு சந்தேகம் கிளம்பிப் பல காலம் நீடித்தது: விண்கல்லை அறுக்கவோ தேய்க்கவோ பயன்பட்ட கார்போரண்டத் தூளே ஒட்டிக்கொண்டதோ? பட்டறைச் சரக்கு விண்வெளிச் சரக்கின் மேல் பழி வாங்கிவிட்டதோ என்ற பயம். பிறகு கிம்பர்லைட் பாறைகளிலும் பிற விண்கற்களிலும் அது உறுதியாகக் கிடைத்துப் பயம் தீர்ந்தது. ஆஸ்திரேலியாவில் 1969-இல் விழுந்த மர்ச்சிசன் விண்கல்லின் சிலிக்கான் கார்பைடு துகள்களில் சில சூரியனுக்கும் மூத்தவை. அவற்றில் மிகப் பழையது சுமார் 700 கோடி ஆண்டு வயதுடையது என்று 2020-இல் ஓர் ஆய்வு கணக்கிட்டது. ஏதோ ஒரு நட்சத்திரம் அந்திமத்தில் ஊதித் தள்ளிய தூசி.

கனிமம் என்ற தகுதி இயற்கையில் உருவானதற்கு மட்டுமே உண்டு. உலையில் செய்ததைக் கனிமப் பெயரால் அழைப்பது விதிப்படி சரியில்லை. இந்த விதியை நகைக்கடைகள் பொருட்படுத்துவதில்லை. வைரத்துக்கு மாற்றாக, முவாசனைட்டின் ஆங்கில உச்சரிப்பான 'மாய்ஸனைட்' என்ற பெயரில் இப்போது மோதிரங்களில் விற்பது எல்லாமே ஆய்வுக்கூடத்தில் வளர்த்த சிலிக்கான் கார்பைடு. முறையாகச் சொன்னால் அதற்குப் பொருத்தமான பெயர் கார்போரண்டம்தான். சாணைக்கல் பெயரில் யார் கல்யாண மோதிரம் வாங்குவார்?

வாங்குகிறவருக்கு ஒரு குறிப்பு. வெப்பம் கடத்துவதை வைத்துச் சோதிக்கும் சாதாரண வைரச் சோதனைக் கருவி முவாசனைட்டையும் வைரம் என்றே சொல்லிவிடும். இரண்டும் வெப்பத்தை வேகமாகக் கடத்துபவை. பத்து மடங்கு பெருக்கும் லென்ஸை வைத்துக் கல்லைச் சற்றுச் சாய்த்து மேல்முகம் வழியாக உள்ளே பார்க்கவேண்டும். முவாசனைட் ஒளியை இரண்டாகப் பிரிப்பது, அதனால் அடிப்பக்கத்துப் பட்டைகளின் விளிம்பு இரட்டைக் கோடாகத் தெரியும். வைரத்தில் ஒற்றைக் கோடுதான்.