தினமும் பார்க்கிற கட்டிடம்தான்... கட்டினது யார்னு தெரியுமா? சென்ட்ரலில் தொடங்கும் ஞாயிறு நடைப்பயணம்

சென்னை,

சென்ட்ரல் ரெயில் நிலையம் எதிரே பஸ்சுக்காக அரை மணி, ஒரு மணி நேரம் நிற்காத சென்னைக்காரர் உண்டா? ஆனால் நின்ற நேரமெல்லாம் கண் பஸ் நம்பர் மேலேயே இருந்திருக்கும். பின்னால் சிவப்பாக நிற்கிற கட்டிடத்தை அண்ணாந்து பார்க்க நேரம் ஏது?

ஞாயிற்றுக்கிழமை காலை 6½ மணி வாக்கில் அந்தப் பக்கம் போனவர்கள் ஒரு கூட்டத்தைப் பார்த்திருக்கலாம். பதினைந்து, இருபது பேர். கழுத்தில் கேமரா, கையில் தண்ணீர் பாட்டில். ஒருத்தர் கையை நீட்டி ஏதோ சொல்ல, மத்தவங்க எல்லாம் வாயைப் பிளந்து மேலே பார்த்துக்கொண்டு நிற்பார்கள். 'ஏதாவது சினிமா ஷூட்டிங்கா?' என்று ஆட்டோக்காரர்கள் எட்டிப் பார்ப்பது உண்டு.

ஷூட்டிங் இல்லை. இதுக்குப் பேர் 'ஹெரிடேஜ் வாக்'. விவரம் தெரிந்த ஒருவர் கூட வந்து, பழைய கட்டிடங்களை நடந்தபடியே காட்டி, அதன் கதையைச் சொல்வார். இரண்டு, இரண்டரை மணி நேரத்தில் முடிந்துவிடும்.

1639-ம் ஆண்டு ஆகஸ்டு 22-ந்தேதி கிழக்கிந்திய கம்பெனிக்கு இந்த மண் எழுதிக் கொடுக்கப்பட்டது. அதை வைத்து 2004-ம் ஆண்டில் இருந்து 'மெட்ராஸ் டே' கொண்டாடுகிறார்கள். பத்திரிகையாளரும் வரலாற்று எழுத்தாளருமான எஸ்.முத்தையா அதைத் தொடங்கியவர்களில் ஒருவர். அதற்குப் பிறகுதான் இந்த நடைப்பயணங்கள் சூடு பிடித்தன.

ஒரு குறை இருக்கு. பெரும்பாலும் இங்கிலீசில்தான் பேசுகிறார்கள். 'இது நமக்கு இல்லப்பா, படிச்சவங்க விவகாரம்' என்று நம்ம ஆளுங்க ஒதுங்கிப் போய்விடுகிறார்கள். ஆனால் இந்தக் கட்டிடங்களின் கதையில் பாதி, கொத்தனார், சித்தாள், தச்சர், மேஸ்திரி கதைதான். கொத்து வேலை தெரிஞ்ச ஒருத்தர் பார்த்தால், கேமரா மாட்டினவரை விட அதிகமாகவே புரியும்.

சரி, நடப்போமா?

சென்ட்ரல்

சென்னையின் முதல் ரெயில் நிலையம் சென்ட்ரல் கிடையாது. ராயபுரம்தான் முதல். 1856-ல் அங்கிருந்துதான் முதல் ரெயில் வாலாஜா ரோடு பக்கம் புறப்பட்டது. கூட்டம் பெருகியதால் 1873-ல் சென்ட்ரல் வந்தது. ஜார்ஜ் ஹார்டிங் என்பவர் வரைபடம் போட்டார். பிறகு ராபர்ட் சிசோம் என்ற என்ஜினீயர் அதை மாற்றி அமைத்தார். நடுவில் இருக்கிற கடிகார கோபுரம் அப்படி வந்ததுதான்.

2019-ல் நிலையத்துக்கு எம்.ஜி.ஆர். பெயர் வைக்கப்பட்டது. கட்டிடம் அதே கட்டிடம்.

சிசோம் பெயரை மனசில் வைத்துக்கொள்ளுங்கள். மெரினா கடற்கரை பக்கம் போனால் மாநிலக் கல்லூரி, பல்கலைக்கழக செனட் ஹவுஸ் இரண்டும் அவர் போட்ட பிளான்தான். வெள்ளைக்காரர் வசதிக்கு ஏற்ற பெரிய ஹால், அதுக்கு மேலே முகலாயர் பாணி குவிமாடம், ஜன்னலுக்கு நம்ம கோவில், அரண்மனை வேலைப்பாடு... எல்லாத்தையும் கலந்து கட்டுகிற ஒரு பாணி. 'இந்தோ சாரசெனிக்' என்று வாயில் நுழையாத பெயர் வைத்திருக்கிறார்கள். செங்கல் சிவப்பு, மேலே குவிமாடம், வளைவு வளைவாக வாசல்... இந்த மூன்றும் இருந்தால் பெரும்பாலும் அந்த வகை என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லலாம். சேப்பாக்கத்தில் 1768-ல் கட்டிய ஆற்காடு நவாப் அரண்மனைதான் இதற்கெல்லாம் முன்னோடி என்கிறார்கள்.

எரிந்த மார்க்கெட்

சென்ட்ரலுக்குப் பக்கத்திலேயே புறநகர் மின்சார ரெயில் நிலையம். அதுக்கு 'மூர் மார்க்கெட் காம்ப்ளக்ஸ்' என்று பெயர். மார்க்கெட் எங்கே என்று தேடாதீர்கள். இல்லை.

1898-ல் அடிக்கல் நாட்டி 1900-ல் திறந்த மார்க்கெட் அது. அப்போது மாநகராட்சித் தலைவராக இருந்த ஜார்ஜ் மூர் பெயரை வைத்தார்கள். பழைய புத்தகம், ரேடியோ, பொம்மை, கிளி, புறா, முயல்... கிடைக்காத பொருளே கிடையாது என்பார்கள். பாடப் புத்தகத்தைப் பாதி விலைக்கு வாங்கிப் படித்து ஆளானவர்கள் இன்றைக்கும் சென்னையில் ஏராளம்.

1985-ம் ஆண்டு மே 30-ந்தேதி தீப்பிடித்தது. கடை கடையாக எரிந்து சாம்பல் ஆனது. பல குடும்பங்களின் பிழைப்பு ஒரே நாளில் போனது. கடைக்காரர்களுக்குப் பிறகு அல்லிக்குளம் வளாகத்தில் இடம் கொடுத்தார்கள். எரிந்த இடத்தில் ரெயில்வே கட்டிடம் வந்தது. பழைய மார்க்கெட்டை நினைவுபடுத்த சின்னதாக ஒரு மாதிரி வடிவம் மட்டும் வெளியே வைத்திருக்கிறார்கள்.

நடைப்பயணத்தில் பார்க்க ஒன்றுமே இல்லாத இடம் இதுதான். ஆனால் கூட்டத்தில் வயசானவர் யாராவது இருந்தால், வழிகாட்டி பேச வேண்டிய வேலையே இருக்காது. அவரே பேச ஆரம்பித்துவிடுவார்.

நம்பெருமாள் செட்டியார்

அடுத்து நாலு எட்டு வைத்தால் விக்டோரியா பப்ளிக் ஹால். 1883-ல் அடிக்கல். இங்கிலாந்து ராணி பெயர், சிசோம் பிளான். ஆனால் கல்லும் செங்கல்லும் அடுக்கி எழுப்பியது நம்ம ஊர் காண்டிராக்டர் நம்பெருமாள் செட்டியார்.

யார் இவர்? ஐகோர்ட்டு, கன்னிமாரா நூலகம், எழும்பூர் மியூசிய வளாகத்தில் இளஞ்சிவப்புக் கல்லில் நிற்கிற கலைக்கூடம்... இத்தனையும் இவர் ஆட்கள் கட்டியது. சேத்துப்பட்டு என்ற பெயரே 'செட்டிப்பேட்டை'யில் இருந்து வந்தது, இவர் அங்கே குடியிருந்ததால் என்று சொல்வார்கள். கணித மேதை ராமானுஜன் 1920-ல் கடைசி மூச்சு விட்ட சேத்துப்பட்டு வீடும் செட்டியாருடையதுதான்.

ஆனால் அடிக்கல்லைப் பாருங்கள். கவர்னர் பேர் இருக்கும், மகாராஜா பேர் இருக்கும். சாந்து குழைத்தவர் பேர் எந்தக் கல்லிலும் இருக்காது. காண்டிராக்டர் பேராவது புத்தகத்தில் தங்கியது. தலையில் சட்டி சுமந்த பெண்கள் எத்தனை பேர் என்ற கணக்கு யாரிடமும் இல்லை.

இந்த ஹாலில் 1897-ல் விவேகானந்தர் பேசினார். பம்மல் சம்பந்த முதலியாரின் சுகுண விலாச சபா இங்கேதான் நாடகம் போட்டது. சென்னையில் முதன்முதலாக படம் காட்டியதும் இங்கேதான் என்று சினிமா வரலாற்றில் குறிப்பு இருக்கிறது. பிறகு பல வருஷம் பூட்டிக் கிடந்தது. 2023-ல் மாநகராட்சி புதுப்பிக்கும் வேலையைத் தொடங்கியது. போகிற அன்றைக்கு உள்ளே விடுகிறார்களா என்று வாசலில் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள்.

வெள்ளை மாளிகை

பக்கத்திலேயே ரிப்பன் மாளிகை. எல்லாம் சிவப்பாக இருக்க, இது மட்டும் பளிச்சென்று வெள்ளை. ரோமாபுரி பாணியில் உயரமான தூண்கள். 1909-ல் தொடங்கி 1913-ல் முடித்தார்கள். அப்போதைய செலவு 7½ லட்சம் ரூபாய். கட்டியவர் லோகநாத முதலியார். உள்ளாட்சி அமைப்புகளுக்கு அதிகாரம் கொடுத்த வைஸ்ராய் ரிப்பன் பிரபு பெயரைத்தான் வைத்தார்கள். மேலே இருக்கிற கடிகாரத்தின் குறுக்களவு 8 அடி. கீழே இருந்து பார்த்தால் தட்டு மாதிரிதான் தெரியும்!

இந்த மாளிகைக்குக் கொஞ்சம் தள்ளித்தான் சூளை. செங்கல் சூளைகள் இருந்ததால்தான் அந்தப் பேர் என்பார்கள்.

சுண்ணாம்பா, சிமெண்டா?

இங்கே கொத்தனார்கள் கொஞ்சம் காது கொடுக்கணும். இந்தக் கட்டிடங்கள் எதிலும் அன்றைக்கு இப்போதைய மாதிரி சிமெண்ட் பூச்சு கிடையாது. எல்லாம் சுண்ணாம்பு. சுட்ட சுண்ணாம்பை நாள் கணக்கில் ஊறவைத்து, மணல் சேர்த்து அரைத்து, கடுக்காய் ஊறிய தண்ணீர், வெல்லம் எல்லாம் கலப்பார்கள். கடைசிப் பூச்சில் முட்டை வெள்ளைக்கருவும் சேர்த்துத் தேய்த்தால் பளிங்கு மாதிரி மின்னும். மெட்ராஸ் பூச்சு என்றால் அந்தக் காலத்தில் வெளியூரிலும் பேர்.

மேல் தளம் 'மெட்ராஸ் ஒட்டு'. தேக்கு உத்தரம் போட்டு, மேலே சின்ன செங்கல்லை நிற்க வைத்து சாந்தால் ஒட்டி, அதுக்கு மேல் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் போட்டுக் கட்டையால் அடித்து இறுக்கி, கடைசியாக தட்டோடு. பழைய வீடுகளில் வெயில் நேரத்தில் உள்ளே ஜில்லென்று இருப்பதற்கு இந்தத் தளமும் தடிமனான சுவரும்தான் காரணம்.

இப்போ பிரச்சினை என்னன்னா, இந்தச் சுவரில் விரிசல் விழுந்தால் பலர் சிமெண்டைக் குழைத்து அப்பிவிடுகிறார்கள். சுண்ணாம்புச் சுவர் மழை ஈரத்தை உள்ளே வாங்கி, வெயிலில் வெளியே விட்டுவிடும். மேலே சிமெண்ட் பூசினால் ஈரம் வெளியேற வழி இல்லை. உள்ளேயே தங்கி, உப்புப் பூத்து, செங்கல் மாவாக உதிரும். வெளியே பார்க்க புதுசு மாதிரி இருக்கும், உள்ளே அரிச்சிக்கிட்டே போகும். பழைய கட்டிடங்களை இடிக்கும்போது 'ரொம்ப வீக்கா இருக்கு' என்று சொல்கிறார்களே, அதில் எத்தனைக்கு இந்த வைத்தியம் காரணமோ!

சரியாகச் செய்தால் கட்டிடம் பிழைக்கும் என்பதற்குச் சாட்சி சேப்பாக்கத்து கலச மகால். நவாப் அரண்மனையின் ஒரு பகுதியான அது 2012 ஜனவரியில் தீப்பிடித்து எரிந்தது. தீயணைப்பு வீரர் ஒருவர் பலியானார். கூரை போய் மொட்டைச் சுவர்தான் மிச்சம். 'இடித்துவிடலாம்' என்ற பேச்சு கிளம்பினாலும், பொதுப்பணித்துறை பழைய முறையில் சுண்ணாம்பு வேலை செய்து 2017-ல் மீட்டுக் கொடுத்தது. தேசிய பசுமைத் தீர்ப்பாயம் அங்கே இயங்குகிறது. பழைய கட்டிடங்களுக்கு என்று அந்தத் துறையில் தனிப் பிரிவே இருக்கு. சுண்ணாம்பு வேலை தெரிந்த மேஸ்திரிகள் குறைந்து போன இந்தக் காலத்தில், அந்தக் கை வேலைக்கு இப்பவும் மதிப்பு உண்டு.

எம்டன் குண்டு

கால் வலிக்காதவர்கள் சென்ட்ரலில் மெட்ரோ ஏறினால் அடுத்த நிறுத்தமே ஐகோர்ட்டு. 1892-ல் திறந்தது. கடைசி வடிவம் கொடுத்தவர் ஹென்றி இர்வின். எழும்பூர் ரெயில் நிலையத்துக்கும் அவர்தான் பிளான்.

ஐகோர்ட்டின் உயரமான குவிமாடத்தை நல்லா பாருங்கள். 1894-ல் இருந்து 1977 வரை அதுதான் சென்னையின் கலங்கரை விளக்கம்! நீதி சொல்கிற இடத்தின் உச்சியில் கப்பலுக்கு வழிகாட்டும் விளக்கு. அதற்கு முந்தைய விளக்கத்தூண், 1844-ல் வந்தது, அதே வளாகத்தில் தனியாக நிற்கிறது.

1914 செப்டம்பர் 22-ந்தேதி இரவு, முதல் உலகப்போர் நேரத்தில் ஜெர்மனியின் எம்டன் கப்பல் சென்னை மீது குண்டு வீசியது. துறைமுகம் பக்கம் எண்ணெய் டேங்குகள் பற்றி எரிந்தன. ஐகோர்ட்டு மதில் சுவரிலும் ஒரு குண்டு விழுந்தது. அந்த இடத்தில் கல்வெட்டு இருக்கு. 'அவன் சரியான எம்டன்டா' என்று இன்றைக்கும் சொல்கிறோமே, அது அந்த ராத்திரி பயத்தில் பிறந்த வார்த்தை.

வளாகத்துக்குள் நினைத்தபடி நுழைய முடியாது. பாதுகாப்பு கெடுபிடி அதிகம். அனுமதி வாங்கி நடத்துகிற குழுவோடு போனால்தான் உள்ளே பார்க்க வாய்ப்பு. இல்லாவிட்டால் வெளியே நின்றே குவிமாடத்தைப் பார்க்கலாம்.

போறவங்க கவனத்துக்கு

ஆகஸ்டு மாதம் மெட்ராஸ் டே நேரத்தில் நடக்கும் பல நடைப்பயணங்கள் இலவசம். மற்ற மாதங்களில் கட்டணம் இருக்கலாம். பேர் கொடுக்கும் முன்பே 'தமிழ்ல பேசுவீங்களா?' என்று கூச்சப்படாமல் கேளுங்கள். நாலு பேர் கேட்டால்தான் தமிழில் நடத்துவார்கள்.

வெயில் ஏறுவதற்கு முன்பு கிளம்பிவிட வேண்டும். தொப்பி, தண்ணீர், தேயாத செருப்பு போதும். பிள்ளைகளைக் கூட்டிப் போனால் மூர் மார்க்கெட் மாதிரி வடிவத்தையும் ரிப்பன் மாளிகை கடிகாரத்தையும் காட்டுங்கள், சலிக்காது. ரெயில் நிலையத்துக்குள் போக பிளாட்பார டிக்கெட் வேண்டும். போட்டோ எடுக்கும் முன் காவலரிடம் கேட்டுவிடுவது நல்லது.

குழு கிடைக்கவில்லையா? நீங்களே போகலாம். சென்ட்ரலில் இறங்கி மூர் மார்க்கெட் காம்ப்ளக்ஸ், விக்டோரியா ஹால், ரிப்பன் மாளிகை என்று இதே வரிசையில் நடந்தால், நின்று நிதானமாகப் பார்த்தாலும் ஒரு மணி நேரத்தில் முடியும். எழும்பூர் மியூசியமும் ரெயில் நிலையமும் இன்னொரு ஞாயிற்றுக்கிழமைக்கு வைத்துக்கொள்ளுங்கள். மியூசியத்துக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை.